பியாட்ரிஸ் பெனடெரட்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இவர்? நமக்குத் தெரிந்தவரா?

முகம் தெரிந்திருக்காது. குரலைக் கேட்டிருப்பீர்கள். கார்ட்டூன் நெட்வொர்க்கில் ட்வீட்டியும் சில்வெஸ்டரும் பார்த்து வளர்ந்தவர் என்றால், பூனையைக் குடையால் சாத்தும் பாட்டியை மறந்திருக்க மாட்டீர்கள். 1950களின் தொடக்கத்தில் வந்த படங்களில் அந்தப் பாட்டிக்குக் குரல் கொடுத்தவர் பெனடெரட். 'ஃபிளிண்ட்ஸ்டோன்ஸ்' தொடரில் பார்னியின் மனைவி பெட்டி வாயை மூடிக்கொண்டு ஒரு சிரிப்புச் சிரிப்பாளே, அதுவும் இவருடையதுதான்.

அமெரிக்காவில் வானொலி நாடகங்கள் கொடிகட்டிப் பறந்த காலத்தில் தொடங்கி, தொலைக்காட்சி வீட்டுக்கு வீடு வந்த 1950களைக் கடந்து, 1968இல் இறக்கும் வரை ஓயாமல் வேலை செய்த குணச்சித்திர நடிகை இவர். ஜாக் பென்னி, ஜார்ஜ் பர்ன்ஸ், லூசில் பால் என்று அந்தக் காலத்து நகைச்சுவை நட்சத்திரங்களில் யாரை எடுத்தாலும் பக்கத்தில் இவர் நின்றிருப்பார். தன்னை மையமாக வைத்து ஒரு தொடர் வந்தபோது இவருக்கு வயது 57. இவரைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் 'கை நழுவிய வாய்ப்புகள், கடைசியில் வந்த அதிர்ஷ்டம்' என்ற கதையாகவே சொல்லி முடித்துவிடுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. 57 வயதுவரை இன்னொருவர் பக்கத்தில் நின்று செய்த வேலைதான் இவருடைய பெரிய சாதனை என்பது என் கட்சி.

எங்கே பிறந்தார்? இந்தத் துறைக்கு எப்படி வந்தார்?

1906 ஏப்ரல் 4 அன்று நியூயார்க் நகரத்தில் பிறந்தார். அப்பா துருக்கியிலிருந்து குடியேறிய யூதர், புகையிலை வியாபாரி. அம்மா ஐரிஷ் வழி வந்தவர். சிறுமியாக இருந்தபோதே குடும்பம் சான் ஃபிரான்சிஸ்கோவுக்குப் போய்விட்டது. பாட்டும் நடிப்பும் அங்கே கற்றதுதான். 1920களில் அதே ஊரின் கே.எஃப்.ஆர்.சி. வானொலி நிலையத்தில் சேர்ந்தார். சின்ன நிலையம் என்பதால் நடிப்பது, பாடுவது, எழுதுவது என்று எல்லா வேலையும் தலையில் விழுந்தது. 1936இல் ஹாலிவுட்டுக்கு வந்தபோது முப்பது வயது. ஆனால் மைக் முன்னால் எதையும் செய்யத் தெரிந்தவராக வந்தார். ஆர்சன் வெல்ஸின் வானொலி நாடகங்களிலும் ஜாக் பென்னியின் நிகழ்ச்சியிலும் சீக்கிரமே இடம் கிடைத்தது.

வானொலியில் இவர் அப்படி என்ன செய்தார்?

இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் பின்னால் வந்த எல்லாவற்றுக்கும் இதுதான் அஸ்திவாரம்.

அன்றைய வானொலி நாடகம் பெரும்பாலும் நேரலை. கையில் வசனத் தாள், முன்னால் ஒரு மைக், எதிரே அரங்கில் பார்வையாளர்கள். தப்பு செய்தால் செய்ததுதான், திரும்ப எடுக்க வழி கிடையாது. கிழக்குக் கரைக்கும் மேற்குக் கரைக்கும் மூன்று மணி நேர வித்தியாசம் இருந்ததால், பல நிகழ்ச்சிகளை ஒரே நாளில் இரண்டு முறை நடித்தார்கள். முதல் முறை நியூயார்க் நேயர்களுக்கு, அப்புறம் மறுபடி கலிஃபோர்னியா நேயர்களுக்கு. இரண்டாவது முறையும் நகைச்சுவை புதிதாக இருக்க வேண்டும். இதற்கு நடுவே வேறொரு நிலையத்தில் வேறொரு நாடகம் காத்திருக்கும்.

பெனடெரட்டின் வாரம் இப்படித்தான் ஓடியது. 'ஃபிப்பர் மகீ அண்ட் மாலி'யில் மூக்கை உயர்த்திப் பேசும் பணக்காரச் சீமாட்டி. 'தி கிரேட் கில்டர்ஸ்லீவ்' நாடகத்தில் பள்ளித் தலைமை ஆசிரியை. 'ஆஸி அண்ட் ஹேரியட்'டில் வேலைக்காரப் பெண். ஜாக் பென்னி நிகழ்ச்சியில் கெர்ட்ரூட் கியர்ஷிஃப்ட் என்ற டெலிஃபோன் ஆபரேட்டர். சீமாட்டியும் வேலைக்காரியும் ஒரே தொண்டையிலிருந்து வருகிறார்கள் என்று கேட்பவர்களுக்குத் தெரியக் கூடாது. தெரியவும் இல்லை.

அந்த டெலிஃபோன் காட்சிகள் எனக்கு மிகப் பிடித்தவை. பென்னி என்.பி.சி. வானொலி நிறுவனத்துக்கு ஃபோன் செய்வார். அந்தப் பக்கம் இரண்டு ஆபரேட்டர்கள், பெனடெரட்டும் சாரா பெர்னரும். அவருக்கு இணைப்புக் கொடுப்பதை விட்டுவிட்டு, அவர் காதில் விழாதபடி அவரைப் பற்றியே இருவரும் வம்பு பேசுவார்கள். ஒருத்தி எடுத்துக் கொடுப்பாள், மற்றவள் முடிப்பாள். எண்ணிச் சில வரிகள்தான் இருக்கும். அந்தச் சில வரிகளுக்காக நேயர்கள் காத்திருந்தார்கள்.

கார்ட்டூன்களில் இவர் பெயர் ஏன் திரையில் வருவதில்லை?

வார்னர் பிரதர்ஸ் கார்ட்டூன்களில் குரல் என்று திரையில் வந்த பெயர் பெரும்பாலும் மெல் பிளாங்க் மட்டும். 1940களில் அவர் ஒப்பந்தத்திலேயே அந்த உரிமையைப் பெற்றுவிட்டார். பெண் குரல்களைக் கொடுத்தவர்கள் பெயரில்லாமல் போனார்கள். பிளாங்க் மேல் எனக்கு வருத்தம் இல்லை, தனக்கு வேண்டியதைக் கேட்டு வாங்கினார். ஆனால் அவரோடு வேலை செய்த எல்லோருக்கும் அதே நியாயத்தை ஸ்டூடியோ செய்திருக்கலாம்.

பெனடெரட்டின் கார்ட்டூன் வேலையில் ஒன்றை மட்டும் பார்க்க நேரம் இருந்தால், 1944இல் ஃப்ரிஸ் ஃபிரீலங் இயக்கிய 'லிட்டில் ரெட் ரைடிங் ராபிட்' பாருங்கள். சிவப்புத் தொப்பிச் சிறுமியைக் காது கிழியக் கத்தும் பதின்வயதுப் பெண்ணாக மாற்றியிருப்பார்கள். ஓநாயும் பக்ஸ் பன்னியும் ஓடிப் பிடித்துச் சண்டை போடும் நடுவே இவள் நுழைந்து நுழைந்து பாட்டியிடம் கேட்க வேண்டிய கேள்விகளைக் கத்துவாள். ஒரு கட்டத்தில் ஓநாய்க்கே இவளைத் தாங்க முடியாது. முப்பத்தைந்தைத் தாண்டிய பெண்மணியின் குரல் அது!

1955 வாக்கில் பாட்டியின் குரல் ஜூன் ஃபோரே என்ற இன்னொரு குரல் நடிகைக்குப் போனது. சூனியக்காரி ஹேசலும் அப்படித்தான்: 1954இல் வந்த முதல் படத்தில் பெனடெரட், அதற்குப் பின் ஃபோரே. அதனால் நீங்கள் கேட்ட பாட்டி யார் என்பது எந்த வருடத்துப் படம் என்பதைப் பொறுத்தது.

'ஐ லவ் லூசி'யில் ஈத்தல் வேடம் இவருக்கு வந்திருக்க வேண்டியது என்கிறார்களே, உண்மையா?

உண்மை. 1948 முதல் 1951 வரை லூசில் பால் 'மை ஃபேவரிட் ஹஸ்பண்ட்' என்ற வானொலித் தொடரில் நடித்தார். அதில் அவருடைய தோழி ஐரிஸாக பெனடெரட், ஐரிஸின் கணவராக கேல் கார்டன். 'ஐ லவ் லூசி' என்ற தொடரோடு தொலைக்காட்சிக்குப் போகும்போது இந்த இருவரையுமே பக்கத்து வீட்டுத் தம்பதியாக்க லூசில் பால் விரும்பினார். கார்டன் வேறு தொடருக்கு வாக்குக் கொடுத்திருந்தார். பெனடெரட் அதற்கு முன்பே, 1950 அக்டோபரில், ஜார்ஜ் பர்ன்ஸ் தொடரில் சேர்ந்துவிட்டார். பக்கத்து வீட்டுக்காரி ஈத்தலின் வேடம் விவியன் வான்ஸுக்குப் போனது. மீதி எல்லோருக்கும் தெரிந்த வரலாறு.

1952 ஜனவரியில் ஒரே ஒரு பகுதியில் பெனடெரட் 'ஐ லவ் லூசி'க்கு வந்து போனார். மிஸ் லூயிஸ் என்ற கூச்ச சுபாவமுள்ள முதிர்கன்னி வேடம். மளிகைக் கடைக்காரர் மேல் இவருக்கு ஆசை. லூசி தூது போகிறேன் என்று கிளம்பி எல்லாவற்றையும் குழப்புவாள். அந்தப் பகுதியை ஈத்தலின் ஞாபகத்தோடு பார்க்கிறவர்கள் 'ஐயோ, எப்படிப்பட்ட வாய்ப்பு போச்சு' என்கிறார்கள். நான் பார்ப்பது வேறு. வானொலியில் பட்டாசாக வெடித்த பெண் இங்கே குரலை அடக்கி, தலையைக் குனிந்து, வெட்கத்தாலேயே சிரிக்க வைக்கிறார். மேலும், வான்ஸின் ஈத்தல் லூசியோடு மல்லுக்கு நிற்பவள், முறைப்பவள். பெனடெரட் செய்திருந்தால் அது வேறு ஈத்தலாக இருந்திருக்கும். வான்ஸ் செய்ததை நம்மில் யாரும் இழக்க விரும்ப மாட்டோம்.

பிளாஞ்ச் மார்ட்டன் வேடத்தில் அப்படி என்ன சிறப்பு?

'ஜார்ஜ் பர்ன்ஸ் அண்ட் கிரேசி ஆலன் ஷோ' 1950 முதல் 1958 வரை சி.பி.எஸ். தொலைக்காட்சியில் ஓடியது. மொத்தம் 291 பகுதிகள். ஆரம்பத்தில் நேரலை, 1952 இலையுதிர் காலத்திலிருந்து படச்சுருளில் எடுத்தார்கள். ஜார்ஜும் கிரேசியும் நிஜத்திலும் கணவன் மனைவி, திரையிலும் அப்படியே. பக்கத்து வீட்டுக்காரி, கிரேசியின் உயிர்த்தோழி பிளாஞ்ச். எட்டு வருடமும் அந்த வேடம் பெனடெரட்டுக்கு.

கிரேசியின் நகைச்சுவை விசித்திரமானது. அவர் முட்டாளாக நடிக்கவில்லை. உலகம் முழுக்கத் தப்பாகப் புரிந்துகொண்டிருக்கிறது, தான் மட்டும் சரி என்ற நிம்மதியோடு பேசுவார். அவர் சொல்வதில் ஒரு கணக்கு இருக்கும், அது வேறு யாருக்கும் பிடிபடாது. இந்த மாதிரிப் பேச்சுக்கு எதிரே உட்கார்ந்து கேட்பவர் சரியாக இல்லாவிட்டால் காட்சி சரிந்துவிடும். கேட்பவர் கேலி செய்தால் கிரேசி பைத்தியமாகத் தெரிவார். கோபப்பட்டால் பார்வையாளருக்கும் அலுப்புத் தட்டும். பெனடெரட் என்ன செய்தார் என்றால், தோழி சொல்வதை நம்ப முயன்றார். அவர் முகத்தைப் பாருங்கள்: முதலில் கவனம், பின்பு ஒரு சின்னத் தடுமாற்றம், 'ஒருவேளை இவள் சொல்வது சரியோ' என்ற யோசனை, கடைசியில் அன்போடு ஒரு சரணாகதி. நல்ல பக்கவாத்தியக்காரர் எங்கே அடிக்க வேண்டும், எங்கே கையை எடுத்துவிட வேண்டும் என்று தெரிந்து வாசிப்பதைப் போல இருக்கும். சமையலறை மேசையில் இரு பெண்கள் பேசிக்கொண்டிருக்கும் அந்தக் காட்சிகளில் பெரும்பாலும் கேட்டுக்கொண்டிருப்பவரைத்தான் நான் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

இன்னொரு சோதனை, பிளாஞ்சின் கணவன் ஹாரி. ஹால் மார்ச், ஜான் பிரவுன், ஃபிரெட் கிளார்க், லேரி கீட்டிங் என்று நான்கு பேர் அடுத்தடுத்து அந்த வேடத்தில் வந்தார்கள். ஒவ்வொருவரும் வேறு மாதிரி ஆள். 1953இல் கிளார்க் விலகியபோது ஜார்ஜ் பர்ன்ஸ் ஒரு காரியம் செய்தார். ஹாரி உள்ளே வந்ததும் ஓங்கி அடிக்க பிளாஞ்ச் தயாராக நிற்கிறாள். அந்த நேரத்தில் பர்ன்ஸ் மேடைக்கு நடந்து வந்து நாடகத்தை நிறுத்தி, பழைய ஹாரி போய்விட்டார், இனி இவர்தான் என்று கீட்டிங்கைப் பார்வையாளர்களுக்கு அறிமுகம் செய்தார். பெனடெரட்டும் கீட்டிங்கும் மரியாதையாக வணக்கம் சொல்லிக்கொண்டார்கள். அப்புறம் அவரவர் இடத்துக்குத் திரும்பினார்கள், கோபம் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தது, அடியும் விழுந்தது. நடிகையாக ஒரு புன்னகை, அடுத்த நொடி பிளாஞ்சாகக் கோபம். வானொலியில் பல வருடம் மைக்குக்கு மைக் ஓடியவருக்குத்தான் இவ்வளவு எளிதாக வரும்.

1958இல் கிரேசி ஓய்வு பெற்றார். மீதி நடிகர்களை வைத்து பர்ன்ஸ் தனியாக ஒரு தொடர் செய்தார், பெனடெரட்டும் அதில் இருந்தார். ஒரே பருவத்தில் முடிந்துவிட்டது.

எம்மி விருது கிடைத்ததா?

இல்லை. அமெரிக்கத் தொலைக்காட்சிக்கான இந்த விருதில் துணை நடிகைக்கான பரிசுக்கு இரண்டு முறை, 1954இலும் 1955இலும், பரிந்துரைக்கப்பட்டார். 1954இல் வென்றவர் விவியன் வான்ஸ், ஈத்தல் வேடத்துக்காக. அடுத்த வருடம் ஆட்ரி மெடோஸ். ஹாலிவுட் நடைபாதையில் தொலைக்காட்சிப் பணிக்காக இவர் பெயரில் ஒரு நட்சத்திரம் இருக்கிறது, வைன் தெருவில்.

'ஃபிளிண்ட்ஸ்டோன்ஸ்' எப்படி வந்தது?

1960 செப்டம்பரில் ஏ.பி.சி.யில் தொடங்கிய இந்தத் தொடர், பெரியவர்களும் பார்க்கும் மாலை நேரத்தில் வந்த முதல் கார்ட்டூன் தொடர். ஃபிரெட்டாக ஆலன் ரீட், வில்மாவாக ஜீன் வாண்டர் பில், பார்னியாக மெல் பிளாங்க், பெட்டியாக பெனடெரட். நால்வருமே வானொலியில் ஊறியவர்கள், அதனால் அடிப்படையில் அது படம் போட்ட வானொலி நாடகம். 1964 வரை பெட்டியாக இருந்தார். அதன் பின் ஜெர்ரி ஜான்சன் வந்தார்.

'பெவர்லி ஹில்பில்லீஸ்' பாட்டி வேடமும் கை நழுவியதாமே?

ஆமாம், ஆனால் அதை நழுவியது என்று சொல்வது சரியில்லை. தொடரை உருவாக்கிய பால் ஹென்னிங், பர்ன்ஸ் தொடருக்கு எழுதிய காலத்திலிருந்தே பெனடெரட்டின் நடிப்பில் மயங்கியவர். பாட்டி வேடத்துக்கு இவரும் நடித்துக் காட்டினார். பாட்டி குச்சி போல ஒல்லியான, வெடவெடவென்று துள்ளும் கிழவி. பெனடெரட்டோ நல்ல உடல்வாகு உள்ளவர். ஐரீன் ரயன் நடித்துக் காட்டியதும் அந்த வேடம் யாருடையது என்பதில் யாருக்கும் சந்தேகம் இருக்கவில்லை, பெனடெரட்டுக்கும்தான்.

1962இல் தொடர் வந்தபோது ஹென்னிங் இவருக்கு பேர்ல் போடின் என்ற வேடம் கொடுத்தார். எண்ணெய்க் கம்பெனிக்காரர் பிரூஸ்டரை எப்படியாவது வளைத்துப்போடப் பார்க்கும் விதவை, தடியன் ஜெத்ரோவின் அம்மா. முதல் பருவத்தில் அவர் வரும் காட்சிகளில் கிராமத்துப் பெண்மணியின் தந்திரமும் பாசமும் ஒன்றாகக் கலந்திருக்கும். அடுத்து என்ன எழுத வேண்டும் என்று ஹென்னிங் முடிவு செய்துவிட்டார்.

'பெட்டிகோட் ஜங்ஷன்' இவருக்காகவே எழுதியதா?

அப்படித்தான். 1963 செப்டம்பர் 24 அன்று தொடங்கியது. ஹூட்டர்வில் என்ற கற்பனை ஊருக்கு வெளியே, ஒரு பழைய ரயில் பாதையின் ஓரமாக ஷேடி ரெஸ்ட் என்று ஒரு சின்ன ஹோட்டல். நடத்துபவர் கேட் பிராட்லி என்ற விதவை. மூன்று மகள்கள், பில்லி ஜோ, பாபி ஜோ, பெட்டி ஜோ. வேலை என்றாலே நழுவும் ஜோ மாமாவாக எட்கர் புக்கனன். ஒரே ஒரு பெட்டியோடு ஓடும் நீராவி ரயில் அந்த வழியாக வரும், சாப்பாட்டு நேரத்தில் நிற்கும், யாருக்கும் அவசரமே இருக்காது. ஹென்னிங்கின் மனைவி ரூத் தன் தாத்தா பாட்டி மிசூரி மாநிலத்து எல்டன் ஊரில் ரயில் பாதையோரம் நடத்திய ஹோட்டலைப் பற்றிச் சொன்ன கதைகள்தான் இதற்கு மூலம். கடைசி மகள் பெட்டி ஜோவாக நடித்தது ஹென்னிங்கின் சொந்த மகள் லிண்டா.

முதல் பருவத்திலேயே அமெரிக்கா முழுவதும் அதிகம் பேர் பார்த்த தொடர்களில் நான்காவது இடத்துக்கு வந்தது. இதில் பெனடெரட்டின் சாமர்த்தியத்தைக் கவனிக்க வேண்டும். நாயகி வேடம் கிடைத்துவிட்டதே என்று எல்லா நகைச்சுவையையும் தன் பக்கம் இழுத்துக்கொள்ளவில்லை. ஜோ மாமாவின் கோமாளித்தனமும், ரயிலை நிறுத்தத் துடிக்கும் அதிகாரி ஹோமர் பெட்லோவின் முசுட்டுத்தனமும், பெண்களின் காதல் கலாட்டாக்களும் சுற்றி நடக்கும். நடுவில் கேட் காய் நறுக்கிக்கொண்டே எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருப்பார். கிரேசிக்கு எதிரே உட்கார்ந்து கற்றதை ஒரு வீட்டுக்கே செய்தார். மகள்களாக நடித்தவர்களில் பில்லி ஜோ மூன்று பேர், பாபி ஜோ இரண்டு பேர் என்று மாறியும் குடும்பம் குடும்பமாகவே தெரிந்ததற்கு இவர்தான் காரணம். நான்கு ஹாரிகளோடு குடித்தனம் நடத்தியவருக்கு இது புதிதா என்ன!

1965இல் 'கிரீன் ஏக்கர்ஸ்' என்ற தொடரும் அதே ஹூட்டர்வில்லில் தொடங்கியது. அதன் ஆரம்பப் பகுதிகளிலும் கேட் வந்து போவார்.

சினிமாவில் நடிக்கவில்லையா?

நடித்தார், பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. ஹிட்ச்காக்கின் 'நட்டோரியஸ்' (1946), 'ஆன் தி டவுன்' (1949) இரண்டிலும் பெயர் போடாத சிறு வேடங்கள். 'டெண்டர் இஸ் தி நைட்' (1962) படத்திலும் இருக்கிறார்.

குடும்பம்?

1938இல் நடிகர் ஜிம் பேனனை மணந்தார். பின்னாளில் ரெட் ரைடர் என்ற கௌபாயாகப் படங்களில் வந்தவர் அவர். ஒரு மகன், ஒரு மகள். 1950இல் விவாகரத்து. மகன் ஜாக் பேனனும் நடிகர். 'லூ கிராண்ட்' தொடர் பார்த்தவர்களுக்கு அவரைத் தெரியும். இரண்டாவது கணவர் யூஜீன் டுவாம்ப்ளி ஒலி விளைவுக் கலைஞர், ஜாக் பென்னி நிகழ்ச்சிக்குக் கதவுச் சத்தமும் காலடிச் சத்தமும் கொடுத்தவர்.

கடைசிக் காலம் எப்படி இருந்தது?

1967இல் நுரையீரல் புற்றுநோய் என்று தெரிந்தது. சிகிச்சைக்காகத் தொடரிலிருந்து விலகி இருந்தார். கேட் ஊரில் இல்லை என்று கதையில் சொல்லிச் சமாளித்தார்கள், ரோஸ்மேரி டிகேம்ப் போன்றவர்களை உறவுக்காரர்களாக அழைத்து வந்தார்கள். இடையில் உடல் தேறித் திரும்பி வந்தார், பார்வையாளர்களும் மகிழ்ந்தார்கள். ஆனால் நோய் திரும்பியது. 1968இல் பெட்டி ஜோவுக்குக் குழந்தை பிறக்கும் பகுதியில் கேட்டின் குரல் மட்டும் பெனடெரட்டுடையது. திரையில் முதுகு காட்டி நிற்பது வேறொருவர். அந்தப் பகுதி ஒளிபரப்பாகும் முன்பே, 1968 அக்டோபர் 13 அன்று, லாஸ் ஏஞ்சலிஸில் இறந்தார். வயது 62. சில நாட்களிலேயே கணவர் டுவாம்ப்ளியும் மாரடைப்பில் போய்விட்டார்.

தொடருக்கு டாக்டர் வேடத்தில் ஜூன் லாக்ஹார்ட் வந்தார். அவர் நல்ல நடிகை, அவர் மேல் குறை சொல்ல மாட்டேன். கேட் இடத்தில் இன்னொரு கேட்டைப் போடாமல் விட்டதற்குத் தயாரிப்பாளர்களுக்கும் நன்றி சொல்ல வேண்டும். 1970இல் 222 பகுதிகளோடு தொடர் முடிந்தது.

இவரைப் பார்க்க எதிலிருந்து தொடங்கலாம்?

முதலில் பர்ன்ஸ் அண்ட் ஆலன். ஏதாவது ஒரு பகுதியை எடுத்து, கிரேசியும் பிளாஞ்சும் சமையலறையில் பேசும் காட்சியை இரண்டு தடவை பாருங்கள். முதல் தடவை கிரேசியைப் பார்த்துச் சிரித்துவிடுங்கள், அடுத்த தடவை பிளாஞ்சை மட்டும் பாருங்கள். அப்புறம் 'ஐ லவ் லூசி'யின் மிஸ் லூயிஸ். பிறகு 'பெட்டிகோட் ஜங்ஷன்' முதல் பருவம், கறுப்பு வெள்ளையில் வந்தவை. வண்ணத்தில் வந்த பின்பகுதிகளைவிட அவற்றில் இவருக்கு வேலை அதிகம். ஆங்கிலம் காதுக்குப் பழகியவர் என்றால் ஜாக் பென்னியின் பழைய வானொலிப் பதிவுகளையும் விடாதீர்கள். டெலிஃபோன் மணி அடித்து அந்த இரண்டு ஆபரேட்டர்கள் பேசத் தொடங்கும் இடத்தில் சத்தத்தைக் கொஞ்சம் கூட்டி வையுங்கள், வரிகள் வேகமாகப் போய்விடும்.